பழைய புரூஃபையும் சேர்த்து அனுப்புங்கள்

அருங்காட்சியகங்களில் டச்சு ஓவியங்களுக்கு விளக்க அட்டை எழுதும் காப்பாட்சியர்களுக்கும், கிரேக்க, ரோமானிய வரலாற்று நூல்களுக்கு முன்னுரையும் அடிக்குறிப்பும் எழுதும் பதிப்பாசிரியர்களுக்கும்,

வணக்கம்.

போன வருடம் மகள் வீட்டுக்கு நெதர்லாந்து போயிருந்தேன். ஒரு மழை நாளில் வேறு போக்கிடம் இல்லாமல், சின்ன ஊர் ஒன்றின் அருங்காட்சியகத்தில் ஒதுங்கினேன். மாடியில் ஒரு கிழவரின் தலை. பழுப்பு இருட்டிலிருந்து நெற்றி மட்டும் வெளிச்சத்துக்கு வந்திருந்தது. இடது இமை கொஞ்சம் தொங்கி, அதன் ஓரத்தில் ஈரம்போல ஒரு வெள்ளைப் பொட்டு. தூரிகை மயிர் பதிந்த தடம்கூடத் தெரிந்தது. எனக்கு முன்னால் ஒரு நடுவயதுத் தம்பதி. அந்த அம்மாள் கணவரின் கையைப் பிடித்து இழுத்து, அந்தப் பொட்டைக் காட்டினார். இரண்டு பேரும் குனிந்து பார்த்தார்கள். அப்புறம் அவர் பக்கத்து அட்டையைப் படித்தார். "ரெம்ப்ராண்டைப் பின்பற்றியவர்" என்று இருந்தது. புகழ்பெற்ற டச்சு ஓவியர் ரெம்ப்ராண்ட் வரைந்தது இல்லை, அவர் வழியில் வரைந்த யாரோ என்று அர்த்தம். "ஓ" என்றார். அடுத்த அறைக்குப் போய்விட்டார்கள். கிழவரின் கண்ணில் ஈரம் அப்படியேதான் இருந்தது.

அந்த "ஓ"வுக்காகத்தான் இந்த மடல்.

நான் ஓவிய அறிஞன் இல்லை, கிரேக்கமும் லத்தீனும் தெரியாது. சென்னையில் முப்பத்திரண்டு வருடம் அச்சகங்களிலும் பதிப்பகங்களிலும் மெய்ப்புப் பார்த்தவன், அதாவது அச்சுக்குப் போகுமுன் புரூஃப் என்ற சோதனைப் பிரதியில் பிழை திருத்தியவன். எங்கள் தொழிலில் ஒரு நடைமுறை உண்டு. இரண்டாவது புரூஃப் வரும்போது, திருத்தம் போட்ட முதல் புரூஃபையும் சேர்த்துக் குண்டூசி குத்தி அனுப்ப வேண்டும். எதை, எங்கே, யார் மாற்றினார்கள் என்பது அதில்தான் தெரியும். பழையதைக் கிழித்துப் போட்டுவிட்டுப் புதியதை மட்டும் மேசையில் வைக்கிற பையனை நம்பக்கூடாது என்று எனக்குத் தொழில் கற்றுத் தந்தவர் சொல்வார். உங்கள் இரு தரப்பாரிடமும் நான் கேட்க வந்தது இந்த ஒன்றைத்தான்: முதல் புரூஃப் எங்கே?

காப்பாட்சியர்களிடம் முதலில் பேசிவிடுகிறேன்.

ஜெர்மனியின் டிரெஸ்டனில், திறந்த சன்னலருகே நின்று கடிதம் படிக்கும் பெண்ணின் ஓவியம் இருக்கிறது. 1742-ல் அந்த ஊருக்கு வந்தபோது, அதை வரைந்தவர் என்று சொன்ன பெயர் ரெம்ப்ராண்ட். பிறகு ரெம்ப்ராண்டின் மாணவர் வரைந்தது என்றார்கள். பிறகு பீட்டர் டெ ஹூக் என்ற இன்னொரு டச்சு ஓவியர். 1860-ஐ ஒட்டித்தான் டெல்ஃப்ட் நகரத்து வெர்மீர் ஆனது. அதோடும் முடியவில்லை. பெண்ணுக்குப் பின்னால் வெறும் சுவராக இருந்த இடத்தில் ஒரு மன்மதன் படம் மறைந்திருப்பதை எக்ஸ்ரே 1979-லேயே காட்டிவிட்டது. வெர்மீரே மனம் மாறி அழித்திருப்பார் என்று எல்லோரும் நம்பினார்கள். அந்த மேற்பூச்சு அவர் செத்துப் பல காலம் கழித்து இன்னொரு கை பூசியது என்று பிற்பாடு தெரிந்தது. பூச்சைச் சுரண்டி எடுத்து, 2021-ல் மன்மதனோடு திரும்ப மாட்டினார்கள். அந்த வெற்றுச் சுவரை வைத்து வெர்மீரின் அமைதி, அடக்கம் என்று எழுதப்பட்ட பக்கங்கள் எத்தனை இருக்கும் என்று எனக்கு ஒரு கணக்குப் போட ஆசை.

வியன்னாவில் இன்னொன்று, ஓவியர் ஒருவர் முதுகைக் காட்டி உட்கார்ந்து பெண்ணொருத்தியை வரையும் படம். 1813-ல் செர்னின் பிரபு 50 ஃபுளோரினுக்கு வாங்கியபோது அது டெ ஹூக். சுவரில் தொங்கும் நிலப்படத்தில் வெர்மீர் கையெழுத்துப் போட்டிருந்தார். கண் முன்னால் இருந்தும் பயனில்லை, 1860-ல் வாகன் என்ற ஜெர்மானிய அறிஞர் சொல்லும்வரை. அந்தக் காலத்தில் அந்தப் பெயருக்கு விலை கிடையாது. 1881-ல்கூட ஹேக் நகர ஏலத்தில் முத்துக் கம்மல் போட்ட பெண் இரண்டு கில்டர் முப்பது சென்டுக்குத்தான் போனாள்.

வெர்மீர் என்ற பெயருக்கு விலையை உண்டாக்கியவர் தெயோஃபில் தோரே என்ற கலை விமர்சகர். பிரான்சிலிருந்து அரசியல் காரணத்தால் வெளியேறி, பியூர்கர் என்ற ஜெர்மன் பெயரில் எழுதியவர். 1866-ல் அவர் வெளியிட்ட கட்டுரைகளில் வெர்மீர் பேரில் எழுபதுக்கும் மேற்பட்ட ஓவியங்களைப் பட்டியலிட்டார். இன்று முப்பத்தைந்தை ஒட்டித்தான் நிற்கிறது. மீதி எங்கே போயின? ஒரு பகுதி யாகோபஸ் ஃப்ரெல் என்பவருடையது. தோரே காலத்தில் ஃப்ரெல் என்று ஒருவர் இருந்ததே யாருக்கும் நினைவில் இல்லை. ஆக, ஒருவரைக் குழியிலிருந்து தூக்கிய அதே கை, இன்னொருவரின் மேல் ஒரு கூடை மண்ணையும் கொட்டியது. தோரேயே வெர்மீர் ஓவியங்களை வாங்கி வைத்திருந்தவர் என்பதையும் சொல்லத்தான் வேண்டும். அவர் நல்லவரா கெட்டவரா என்பது என் கேள்வி இல்லை. சரக்கு வைத்திருப்பவரே சரக்குக்கு முன்னுரையும் எழுதினால், அந்த விஷயம் முன்னுரையிலேயே தெரிய வேண்டும், அவ்வளவுதான்.

பிரெடியஸ் கதைக்கு வருகிறேன், அதில் கொஞ்சம் நிற்க வேண்டும். ஆபிரகாம் பிரெடியஸ் 1889 முதல் இருபது வருடம் ஹேக் நகரின் மவுரிட்ஸ்ஹாய்ஸ் அருங்காட்சியகத்தின் இயக்குநர். ஆவணக் காப்பகங்களில் உட்கார்ந்து, கடன் பத்திரம், உயில், சாமான் பட்டியல் என்று புழுதியில் கிடந்ததையெல்லாம் படித்து, டச்சு ஓவியர்களின் வாழ்க்கையை மீட்டவர். 1937-ல் அவருக்கு எண்பது கடந்துவிட்டது. எம்மாவுஸ் என்ற ஊரின் விருந்தில் கிறிஸ்து அப்பம் பிட்கும் ஓவியம் ஒன்றை அவரிடம் காட்டுகிறார்கள். பார்த்ததும் உருகிப்போய், லண்டன் பத்திரிகை ஒன்றில் இதுதான் வெர்மீரின் தலைசிறந்த படைப்பு என்கிற அளவுக்கு எழுதிவிட்டார். ராட்டர்டாம் அருங்காட்சியகம் ஐந்து லட்சம் கில்டருக்கு மேல் கொடுத்து வாங்கியது. வரைந்தவர் ஹான் ஃபான் மேகெரன். உயிரோடு, தெற்குப் பிரான்சில் இருந்தார். பழைய எண்ணெய்ச் சாயம்போலக் கெட்டிப்படுவதற்காக பேக்கலைட் என்ற பிளாஸ்டிக் வகைப் பிசினைக் கலந்து அடுப்பில் சுட்டிருந்தார்.

பிரெடியஸ் எப்படி ஏமாந்தார்? கிழடு தட்டியது என்று சொல்லிவிட்டுப் போவது சுலபம். இளமையில் வெர்மீர் இத்தாலியப் பாணியில் வேத விஷயங்களை வரைந்திருப்பார் என்று அறிஞர்களுக்குள் ஒரு கருத்து இருந்தது. மார்த்தா, மரியாள் வீட்டில் கிறிஸ்து இருக்கும் ஓவியத்தை வெர்மீருடையது என்று 1901-ல் அடையாளம் காட்டியவரே பிரெடியஸ்தான். அது சரியான அடையாளம். அதற்கும் பிற்கால ஓவியங்களுக்கும் நடுவில் ஒரு பள்ளம் இருந்தது. நடுவில் என்ன இருந்திருக்கும் என்று அறிஞர்கள் எழுதி வைத்திருந்தார்கள், மேகெரன் அதைப் பார்த்து வரைந்து கொடுத்தார். அளவு கொடுத்தவர்கள் இவர்கள், சட்டை தைத்தவர் அவர். 1945-ல், நாஜித் தலைவர் கோரிங்குக்கு வெர்மீரை விற்ற தேசத்துரோகி என்று அவரைப் பிடித்தபோது, "அது நான் வரைந்தது" என்று சொன்னார். அதை நிரூபிக்க, சாட்சிகள் சுற்றி நிற்க இன்னொரு "வெர்மீர்" வரைய வேண்டியிருந்தது.

அதே பிரெடியஸ் 1898-ல் சவுலும் தாவீதும் என்ற ஓவியத்தை ரெம்ப்ராண்ட் என்று நம்பி வாங்கியிருந்தார். அரசன் சவுல் திரைச்சீலையை இழுத்துக் கண்ணைத் துடைத்துக்கொள்ள, ஓரத்தில் சிறுவன் யாழ் மீட்டும் படம். 1969-ல் ஹார்ஸ்ட் கெர்சன் என்ற அறிஞர், பிரெடியஸின் ரெம்ப்ராண்ட் பட்டியலையே திருத்திப் பதிப்பிக்கும்போது, இது ரெம்ப்ராண்ட் இல்லை என்று தள்ளிவிட்டார். அதற்குமுன் கூட்டம் கூடி நின்ற படம் அது. பெயர் போனதும் கூட்டமும் போனது. மவுரிட்ஸ்ஹாய்ஸ் 2007-ல் அதைப் பிரித்து ஆராயத் தொடங்கியது. முன்பு யாரோ அதை இரண்டாக வெட்டி, பிறகு ஒட்டுப்போட்டுச் சேர்த்திருக்கிறார்கள். மொத்தம் பதினைந்து துணித் துண்டுகள். எட்டு வருடம் கழித்து, 2015-ல், ரெம்ப்ராண்ட்தான் என்று அறிவித்தார்கள். மேகெரன் விஷயத்தில் சிரிப்பாய்ச் சிரிக்கப்பட்ட மனிதர் இதில் சரியாகச் சொல்லியிருந்தார்.

இங்கே உங்களைப் பாராட்டவும் செய்கிறேன். முடிவை மட்டும் சொல்லி அந்த அருங்காட்சியகம் படத்தை மாட்டிவிடவில்லை. ரெம்ப்ராண்ட் பெயருக்குப் பக்கத்தில் கேள்விக்குறி போட்டு ஒரு கண்காட்சியே வைத்து, வெட்டு எங்கே, ஒட்டு எங்கே, யார் எப்போது என்ன சொன்னார்கள் என்று எல்லாவற்றையும் ஜனங்களுக்குக் காட்டியது. முதல் புரூஃபைச் சேர்த்து அனுப்புவது என்றால் இதுதான். ஒரு ஓவியத்துக்குச் செய்ததை மற்றவற்றுக்கு ஒரு வரியிலாவது செய்யக் கூடாதா?

ஏனென்றால் உங்கள் கணக்கு நிலையாக நிற்பதில்லை. பிரெடியஸின் 1935 பட்டியலில் ரெம்ப்ராண்ட் ஓவியங்கள் 600-க்கு மேல். கெர்சனிடம் சுமார் 420. 1968-ல் ஆம்ஸ்டர்டாமில் தொடங்கிய ரெம்ப்ராண்ட் ஆய்வுக் குழு ஏ, பி, சி என்று மூன்று வகுப்புப் பிரித்தது. ஏ என்றால் ஏற்றது, சி என்றால் தள்ளியது, பி என்றால் முடிவு சொல்ல முடியாதது. என்னைக் கேட்டால், மூன்றில் நாணயமான வகுப்பு பி-தான். ஆனால் அதில் போட்டது கொஞ்சம். 2014-ல் அந்தப் பணியின் கடைசித் தொகுதி வந்தபோது கணக்கு 340 அளவில் வந்து நின்றது. நடுவில் தள்ளப்பட்டவற்றில் சில திரும்ப உள்ளே வந்துவிட்டன. பெர்லினில் உள்ள பொன் தலைக்கவசக்காரர் என்ற ஓவியம் வரவில்லை. 1985-ல் அது ரெம்ப்ராண்ட் வரைந்தது இல்லை என்று அறிவித்தார்கள். அட்டைப்படமாகவும் வாழ்த்தட்டையாகவும் வீட்டுக்கு வீடு இருந்தவர்.

இன்னும் வேடிக்கை, புல்லாங்குழல் வைத்திருக்கும் பெண். வாஷிங்டனில் உள்ள தேசிய ஓவியக்கூடம் 2022 அக்டோபரில், தன்னிடம் இருக்கும் அந்தப் படம் வெர்மீர் இல்லை என்று தானாகவே அறிவித்தது. நாலே மாதத்தில் அது ஆம்ஸ்டர்டாமின் ரைக்ஸ்மியூசியத்தில் நடந்த பெரிய வெர்மீர் கண்காட்சிக்குப் போனது. அங்கே அது வெர்மீர். சொந்த வீட்டில் இல்லாத பட்டத்தைக் கடல் தாண்டி வாங்கிக்கொண்டது. இரண்டு இடத்திலும் படித்தவர்கள்தான் இருக்கிறார்கள். இரண்டு அட்டையையும் அருகருகே ஒட்டினால் யாருக்கு என்ன நஷ்டம்?

யூடித் லைஸ்டருக்கு நடந்ததைச் சொல்லும்போது எனக்குக் கோபம் வருகிறது. ஹார்லெம் ஊர்க்காரி, ஓவியர். அப்பா வைத்திருந்த பீர் ஆலையின் பெயரே குடும்பப் பெயரானது. வழிகாட்டும் விண்மீன் என்று பொருள். அதனால் கையெழுத்தில் முதலெழுத்துகளோடு ஒரு நட்சத்திரமும் போடுவார். 1633-ல் ஓவியர் சங்கத்தில் முறைப்படி சேர்ந்தவர். தன் மாணவனைச் சேர்த்துக்கொண்ட பெரிய ஓவியர் ஃபிரான்ஸ் ஹால்ஸ் மேலேயே புகார் கொடுத்தவர். வாழும்போது பெயர் தெரிந்தவர்தான். 1660-ல் செத்தார். அப்புறம் இருநூறு வருடத்துக்கு மேல் ஆளே இல்லை. 1890-களில் லண்டன் வியாபாரிகளுக்குள் ஒரு "ஹால்ஸ்" ஓவியம் பற்றித் தகராறு வந்தது. கையெழுத்தைக் கூர்ந்து பார்த்தால் நட்சத்திரம் இருக்கிறது. 1893-ல் ஹோஃப்ஸ்டெட டெ க்ரூட் என்ற அறிஞர் அது லைஸ்டர் என்று விளக்கி எழுதினார். ஒரு நல்ல ஓவியர் கிடைத்தாரே என்று அந்த வியாபாரிகள் யாரும் கொண்டாடவில்லை. வாங்கியவர்கள் பணத்தைத் திருப்பிக் கேட்டார்கள், விலையைக் குறைத்து வழக்கை முடித்தார்கள். வண்ணம் அதே வண்ணம், சிரிப்பு அதே சிரிப்பு. அன்று வரைக்கும் ஹால்ஸின் கைவண்ணம் என்று புகழ்ந்த ஓவியங்களில் சில இவர் வரைந்தவை. அந்தப் புகழுரைகளை யாரும் திருப்பி எழுதி இவர் கணக்கில் வைத்ததாகத் தெரியவில்லை.

பதிப்பாசிரியர்களே, இத்தனை நேரம் பக்கத்து வீட்டுச் சண்டையைப் பார்ப்பதுபோல் பார்த்துக்கொண்டிருந்தீர்கள். இனி உங்கள் முறை.

ஹெரோடோட்டஸ் "வரலாற்றின் தந்தை" என்று எங்கள் பள்ளிப் பாடப்புத்தகத்திலேயே இருக்கும். சொன்னவர் ரோமானியப் பேச்சாளர் சிசரோ. அந்த வாக்கியத்தின் மறுபாதியில், அவரிடம் கட்டுக்கதைகள் கணக்கில்லாமல் உண்டு என்றும் சிசரோ சொல்கிறார். பட்டம் நிலைத்தது, மறுபாதி உதிர்ந்துவிட்டது.

டிமேயஸ் என்ற கிரேக்க வரலாற்றாசிரியரின் பாடு இதைவிட மோசம். சிசிலிக்காரர், 38 புத்தகம் எழுதியவர், ஒலிம்பியாட் கணக்கில், அதாவது ஒலிம்பிக் போட்டிகளை வைத்து, காலத்தை வரிசைப்படுத்தும் முறையை நிலைநிறுத்தியவர். அவர் எழுதியதில் முழுசாக ஒன்றும் மிஞ்சவில்லை. மிஞ்சியது, பின்னால் வந்த வரலாற்றாசிரியர் பாலிபியஸ் தன் பன்னிரண்டாம் புத்தகத்தில் அவரைப் போட்டு வறுத்தெடுத்தது. போர்க்களம் பார்க்காதவர், ஐம்பது வருடம் ஏதென்ஸில் உட்கார்ந்து புத்தகத்தைப் பார்த்தே எழுதியவர் என்று. அந்த வசையைக் காட்டுவதற்காக எடுத்துப்போட்ட மேற்கோள்கள்தான் இன்று டிமேயஸைப் பற்றி நாம் அறிவதில் பெரும்பங்கு. வாதியின் வக்கீல் குறிப்பிலிருந்து பிரதிவாதியின் குணத்தை எழுதினால் எப்படி இருக்கும்? இத்தனைக்கும் பாலிபியஸ் தன் சரித்திரத்தைத் தொடங்கிய இடம், டிமேயஸ் விட்ட இடம். அதை அவரே சொல்லிக்கொள்கிறார். அந்த வசவில் வாரிசுச் சண்டை எவ்வளவு என்று முன்னுரையில் ஒரு பத்தி எழுதலாம்.

ஹிஸ்டோரியா அகஸ்டா என்ற நூல் ஹேட்ரியன் முதல் மூன்றாம் நூற்றாண்டின் கடைசிவரை ரோமப் பேரரசர்களின் வாழ்க்கையைச் சொல்கிறது. ஆறு ஆசிரியர்கள் என்று அதிலேயே பெயர் இருக்கிறது. 1889-ல் ஹெர்மன் டெசாவ் என்ற ஜெர்மானிய அறிஞர், ஆறு பேரும் ஒரே ஆள், அந்த ஆளும் அவர்கள் வாழ்ந்ததாகச் சொல்லும் காலத்துக்குப் பல பத்தாண்டுகள் பிந்தியவர் என்று வாதிட்டார். உள்ளே இருக்கும் கடிதங்களும் ஆவணங்களும் பெரும்பாலும் இட்டுக்கட்டியவை. அங்கே ஒரு ரெம்ப்ராண்ட் உடைந்து பத்துச் சீடராகப் போகிறார், இங்கே ஆறு சரித்திரக்காரர் சேர்ந்து ஒரு புளுகராக ஆகிறார். எடுத்த கண்ணாடி ஒன்றுதான்: நடை, சொற்பழக்கம், காலத்துக்குப் பொருந்தாத ஒரு சில்லறை விவரம். ஆனாலும் அந்த ஆறு பெயர்களும் இன்னும் மேற்கோள்களில் உலவுகின்றன.

எங்கள் பக்கத்துக்கும் ஒரு பங்கு இதில் உண்டு. சந்திரகுப்த மௌரியரிடம் தூது வந்த மெகஸ்தனிஸ் எழுதிய இண்டிகா இன்று இல்லை. 1846-ல் பான் நகரில் ஷ்வான்பெக் என்பவர், ஸ்ட்ராபோ, ஏரியன், பிளினி என்ற பிற்காலக் கிரேக்க, ரோமானிய ஆசிரியர்கள் எல்லோரிடமும் பொறுக்கிச் சேர்த்ததுதான் நாங்கள் படிக்கும் மெகஸ்தனிஸ். டயோடோரஸ் என்ற இன்னொரு கிரேக்க வரலாற்றாசிரியர் இந்தியாவைப் பற்றி எழுதிய ஒரு நீண்ட பகுதியையும் மெகஸ்தனிஸின் சுருக்கம் என்று அதில் சேர்த்தார். டயோடோரஸ் அந்த இடத்தில் மெகஸ்தனிஸ் பெயரையே சொல்லவில்லை. இருக்கலாம், நியாயமான ஊகம்தான். ஆனால் மொழிபெயர்ப்புக்கு மொழிபெயர்ப்பு போகப் போக ஊகம் என்ற சொல் கழன்றுவிட்டது. இந்தியாவைப் பற்றி எழுதியவர்கள் எல்லாரும் பொய்யர்கள், அதில் டெய்மாக்கஸ் என்பவருக்கு அடுத்த இடம் மெகஸ்தனிஸுக்கு என்றார் ஸ்ட்ராபோ. சொல்லிவிட்டு, பக்கம் பக்கமாக மெகஸ்தனிஸையே எடுத்துப் போட்டிருக்கிறார். ஹெரக்லிஸின் மகள் பண்டாயா, அவளுக்குத் தகப்பன் கொடுத்த 500 யானை, 4,000 குதிரை, 1,30,000 காலாள், அவளை அலங்கரிக்கக் கடலில் தேடி எடுத்த முத்து என்று ஏரியன் வழியாக வரும் செய்தியைப் படிக்கும்போது, பாண்டியரும் கொற்கையும் நினைவுக்கு வராத தமிழன் இருக்கமாட்டான். ஆசைக்கு அளவில்லை. அந்த ஆசையால்தான் சொல்கிறேன், ஏரியன் கை எது, மெகஸ்தனிஸ் வாய் எது, ஷ்வான்பெக்கின் பசை எது என்று பக்கத்திலேயே தெரியட்டும்.

நீங்கள் இரு தரப்பும் சந்திக்கும் இடம் ஒன்று இருக்கிறது. ஸ்டாக்ஹோமில் உள்ள ரெம்ப்ராண்டின் ஓவியம், கிளாடியஸ் சிவிலிஸின் சபதம். கி.பி. 69-ல் ரோமை எதிர்த்துக் கிளம்பிய படேவியர்களின் தலைவன் அவன். டச்சுக்காரர்கள் ஸ்பெயினை எதிர்த்து எழுந்தபோது, எங்கள் முன்னோர் இவர்கள்தான் என்று அவனைத் தத்து எடுத்துக்கொண்டார்கள். ஆம்ஸ்டர்டாம் புதிய நகர மண்டபத்துக்காக வரையச் சொன்னார்கள். சிவிலிஸுக்கு ஒரு கண் இல்லை என்று ரோமானிய வரலாற்றாசிரியர் டாசிடஸ் எழுதியிருக்கிறார். பக்கவாட்டில் வரைந்து அதை மறைத்திருக்கலாம். ரெம்ப்ராண்ட் நேர்முகமாக உட்கார வைத்து, மூடிப்போன குழியோடு வரைந்தார். 1662-ல் படம் இறக்கப்பட்டது. ஐந்து மீட்டருக்கும் மேல் உயரமாக இருந்ததை வெட்டிச் சிறிதாக்கினார்கள். இன்று 196 சென்டிமீட்டர் உயரம், 309 அகலம். முழுப்படம் எப்படி இருந்தது என்று தெரிவது, ஒரு சாவு அழைப்புச் சீட்டின் பின்புறத்தில் ரெம்ப்ராண்ட் கிறுக்கிய சின்ன வரைவால். அது மியூனிக்கில் இருக்கிறது.

டாசிடஸின் அந்த நூலும் வெட்டுப்பட்டதுதான். சிவிலிஸ் கதை வரும் பகுதி, மாண்டி கசீனோ மடத்தில் பதினோராம் நூற்றாண்டில் எழுதிய ஒரே ஒரு சுவடியால் பிழைத்தது. ஐந்தாம் புத்தகத்தில், நபாலியா ஆற்றின் பாலத்தை நடுவில் உடைத்துவிட்டு, இந்த முனையில் சிவிலிஸ், அந்த முனையில் ரோமானியத் தளபதி செரியாலிஸ். சிவிலிஸ் பேச ஆரம்பிக்கிறான். பேசிக்கொண்டிருக்கும்போதே சுவடி தீர்ந்துவிடுகிறது. அவன் பிழைத்தானா, மன்னிப்புக் கிடைத்ததா, ஒன்றும் தெரியாது. ஒரு தேசம் தன் மூதாதை என்று தூக்கிக்கொண்டவன், அறுபட்ட பாலத்தில் பாதி வாக்கியத்தில் நிற்கிறான். டாசிடஸின் பதிப்புகளில் பெரும்பாலும் அந்த இடத்தில் புள்ளிகள் வைத்து, இங்கே சுவடி முடிகிறது என்று போட்டிருப்பீர்கள். அந்தப் புள்ளிகளுக்கு என் கும்பிடு. மற்ற பக்கங்களிலும் அதே நேர்மையைத்தான் கேட்கிறேன்.

இடம் இல்லை என்பீர்கள். டிரெஸ்டன் பெண்ணுக்கு நான் எழுதிப் பார்த்தேன்: "1742-ல் ரெம்ப்ராண்ட். பிறகு அவர் மாணவர். பிறகு டெ ஹூக். 1860-ஐ ஒட்டி வெர்மீர். 2021-ல் மன்மதன் வெளிப்பட்டான்." பார்வையாளர்கள் குழம்புவார்கள் என்பீர்கள். குழம்பட்டும். அந்த அம்மாள் குழம்பியிருந்தால் இன்னும் ஒரு நிமிஷம் அந்தக் கிழவர் முன்னால் நின்றிருப்பார்.

அந்தச் சின்ன ஊர் அருங்காட்சியகத்தில் வெளியே வரும்போது காவலரிடம், இந்தப் படம் முன்பு யாருடையது என்று சொன்னார்கள் என்று மகளை விட்டுக் கேட்கச் சொன்னேன். அவர் வயசானவர். கொஞ்சம் யோசித்து, "நான் வேலைக்குச் சேர்ந்தபோது ரெம்ப்ராண்ட்" என்றார். பழைய அட்டை எங்கே என்றேன். தோளைக் குலுக்கிவிட்டு, மழை விட்டதா என்று சன்னல் வழியாகப் பார்த்தார்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற மெய்ப்புத் திருத்துநர் ஒருவர்,
சென்னை